‘டக் டக்’ சத்தம் வருமுன்: காரின் டிரைவ் ஆக்ஸிலைப் புரிந்துகொள்ளவும் தேய்மானத்தைக் கண்டுபிடிக்கவும் முழுமையான வழிகாட்டி

டிரைவ் ஆக்ஸில் சும்மா ஓடி ஓடித் தேய்ந்துபோவது குறைவு. பெரும்பாலும் முதலில் கிழிவது அதன் ஜாயிண்டை, அதாவது மடங்கும் மூட்டை, மூடியிருக்கும் ரப்பர் உறையான பூட். பூட் கிழிந்தால் கிரீஸ் வெளியேறும், மண்ணும் தண்ணீரும் உள்ளே போகும், அதன் பிறகுதான் ஜாயிண்ட் கெடும். காதில் சத்தம் விழும்போது காரியம் முக்கால்வாசி முடிந்திருக்கும். அதனால் இங்கே இரண்டு வேலைகள். சத்தம் வருமுன் பூட்டைப் பார்த்துப் பிடிப்பது ஒன்று. சத்தம் வந்துவிட்டால், கெட்டது ஆக்ஸில்தானா, இல்லை வீல் பேரிங்கோ எஞ்சினைத் தாங்கும் மவுண்டோ ஆக்ஸில் வேஷம் போடுகிறதா என்று பிரித்தறிவது மற்றொன்று. தேவையில்லாமல் மாற்றப்படும் ஆக்ஸில்கள் நிறைய. காரணம், ‘சத்தம் எங்கே வருகிறது’ என்று கேட்கிறோமே தவிர, ‘எப்போது வருகிறது’ என்று கேட்பதில்லை.

பட்டறையில் ஆக்ஸில், டிரைவ் ஷாஃப்ட், சி.வி. (கான்ஸ்டன்ட் வெலாசிட்டி, அதாவது மாறா வேக) ஆக்ஸில் என்று மூன்று பெயர்கள் புழங்கும். முன்சக்கரம் இழுக்கும் காரைப் பொறுத்தவரை மூன்றும் ஒன்றுதான்: கியர்பாக்ஸிலிருந்து சக்கரத்துக்குப் போகும் தண்டு.

உள்ளே என்ன இருக்கிறது

முன்சக்கரத்துக்கு நிம்மதியே கிடையாது. ஸ்டீயரிங்குக்குத் தகுந்தபடி திரும்ப வேண்டும், பள்ளம் மேட்டில் ஏறி இறங்க வேண்டும், இரண்டுக்கும் நடுவே எஞ்சினின் விசையையும் வாங்கிக்கொண்டே இருக்க வேண்டும். நேரான கம்பியால் இது முடியாது. தண்டு இரண்டு இடத்தில் மடங்க வேண்டும், நீளமும் கூடிக் குறைய வேண்டும்.

மடங்குவதற்குப் பழைய யுனிவர்சல் ஜாயிண்ட் போதாதா என்றால், போதாது. அது 30 டிகிரி மடங்கி நிற்கும்போது, உள்ளே போகும் வேகம் சீராக இருந்தாலும் வெளியே வரும் வேகம் ஒவ்வொரு சுற்றிலும் இரண்டு முறை ஏறி இறங்கும். சுமார் 87 சதவீதத்துக்கும் 115 சதவீதத்துக்கும் நடுவே ஊசலாடும். அப்படி ஒரு ஜாயிண்டை மட்டும் முன்சக்கரத்தில் போட்டுத் திருப்பினால் ஸ்டீயரிங் கையை உதறும். எந்தக் கோணத்திலும் வேகம் மாறாமல் கடத்துவதுதான் சி.வி. ஜாயிண்டின் வேலை. இன்று வெளி ஜாயிண்டாகப் பரவலாக இருக்கும் வகையை ஆல்ஃபிரெட் ஷெப்பா என்ற பொறியாளர் 1920களில் உருவாக்கினார். 1959இல் வந்த மினி கார்தான் அதைச் சின்னக் கார்களுக்குள் பெரிய அளவில் கொண்டுவந்தது.

சக்கரத்துப் பக்கம் இருப்பது வெளி ஜாயிண்ட். கிண்ணம் போன்ற ஒரு வெளிக்கூடு, அதற்குள் ஒரு உள்வளையம், இரண்டிலும் எதிரெதிரே வளைந்த தடங்கள், தடங்களில் ஆறு எஃகுக் குண்டுகள். குண்டுகளைக் கலையாமல் பிடித்து வைப்பது ஜன்னல் ஜன்னலாக வெட்டப்பட்ட ஒரு கூண்டு. தண்டு எவ்வளவு மடங்கினாலும் கூண்டு குண்டுகளை அந்தக் கோணத்தின் சரிபாதித் தளத்தில் நிறுத்துகிறது. வேகம் மாறாமல் இருப்பதன் ரகசியம் அந்தப் பாதிதான். இந்த ஜாயிண்ட் 45 டிகிரிக்கு மேல்கூட மடங்கும்; ஆனால் உள்ளே வெளியே நகராது.

கியர்பாக்ஸ் பக்கம் இருப்பது உள் ஜாயிண்ட். பெரும்பாலான கார்களில் இது டிரைபாட் வகை. தண்டின் முனையில் மூன்று கை, ஒவ்வொரு கையிலும் ஊசி பேரிங்கின் மேல் உருளும் ஒரு ரோலர், மூன்று ரோலர்களும் ஓடுவதற்கு ஒரு கூட்டில் மூன்று நேர்த் தடங்கள். இது வெளி ஜாயிண்ட் அளவுக்கு மடங்காது. ஆனால் சில சென்டிமீட்டர் உள்ளே வெளியே நகரும். சஸ்பென்ஷன் ஆடும்போது நீளத்தைச் சரிக்கட்டுவது இந்த நகர்வுதான்.

இந்த வித்தியாசத்தை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். வெளி ஜாயிண்ட் கெட்டால் திரும்பும்போது தெரியும்; உள் ஜாயிண்ட் கெட்டால் நேராகப் போகும்போது, அதுவும் இழுவையில், தெரியும்.

கியர்பாக்ஸ் நடுவில் இல்லாத கார்களில் ஒரு பக்க ஆக்ஸில் நீளம், மறுபக்கம் குட்டை. சில கார்களில் நீளப் பக்கத்தை இரண்டாகப் பிரித்து, நடுவே ஒரு இன்டர்மீடியட் ஷாஃப்டும் எஞ்சின் பிளாக்கில் பொருத்திய தாங்கு பேரிங்கும் வைத்திருப்பார்கள். அந்தப் பேரிங்கும் தேயும். அதன் இரைச்சலை யாரும் எளிதில் அடையாளம் காண்பதில்லை. நீளத் தண்டின் நடுவில் ரப்பரில் உட்கார்ந்த கனமான வளையம் ஒன்று தெரிந்தால் அது டேம்பர். அதிர்வை விழுங்க வைத்தது, கழற்றி எறியக்கூடாது.

பூட்டைப் பார்ப்பது

ஆக்ஸில் பராமரிப்பு என்று ஒன்று உண்டென்றால் அது இந்தப் பத்து நிமிடம்தான். ஆயில் மாற்றும் ஒவ்வொரு முறையும் செய்யுங்கள்.

வெளி பூட்டைப் பார்க்க ஜாக்கூட வேண்டாம். சமதளத்தில் காரை நிறுத்தி, ஹேண்ட்பிரேக் போட்டு, ஸ்டீயரிங்கை ஒரு பக்கம் முழுக்க ஒடித்துவிடுங்கள். எஞ்சினை அணைத்த பிறகு, திரும்பி நிற்கும் சக்கரத்தின் பின்னால் டார்ச் அடித்துப் பாருங்கள். மடிப்பு மடிப்பாக, அக்கார்டியன் போல இருப்பதுதான் பூட். மேடுகளைப் பார்த்துவிட்டு எழுந்துவிடாதீர்கள். விரிசல் பள்ளத்தில்தான் தொடங்கும். விரலால் மடிப்பை விரித்து அடியைப் பாருங்கள். பிறகு ஹேண்ட்பிரேக்கை எடுத்து, சக்கரம் கால் சுற்று சுற்றும் அளவுக்குக் காரை உருட்டி, மறுபடி ஹேண்ட்பிரேக் போட்டுப் பாருங்கள். முழுச் சுற்றும் பார்த்தால்தான் கணக்கு. கிழிசல் எப்போதும் நீங்கள் பார்க்காத பக்கத்தில்தான் இருக்கும்.

மேலோட்டமான மயிரிழை வெடிப்பு என்றால் கிரீஸ் இன்னும் உள்ளேதான் இருக்கிறது. பூட்டை மாற்ற இதுதான் நல்ல நேரம். வெடிப்பில் ஈரமாக, கறுப்பாகக் கிரீஸ் கசிந்திருந்தால் தள்ளிப்போட முடியாது. சக்கரத்தின் உள்பக்க ரிம்மிலும், ஷாக் அப்சார்பரிலும், பிரேக் காலிப்பரிலும் ஒரே கோட்டில் கறுப்புச் சிதறல் தெரிந்தால் பூட் எப்போதோ கிழிந்துவிட்டது. சுழற்சி வேகத்தில் கிரீஸ் விசிறியடிக்கப்பட்டிருக்கிறது. சிதறல் காய்ந்து மண் ஒட்டிப் போயிருந்தால் இன்னும் மோசம். உள்ளே வெளியேற எதுவும் மிச்சமில்லை என்று அர்த்தம்.

கிழியாமலும் கிரீஸ் வெளியேறும். கிளாம்ப் தளர்ந்தால் பூட்டின் ஓரத்தில் வளையமாக ஈரம் கட்டும். இது அதிர்ஷ்டம், ஜாயிண்டில் ப்ளே (தளர்வான ஆட்டம்) இல்லையென்றால் புதுக் கிளாம்ப் போட்டாலே போதும்.

உள் பூட்டை வண்டிக்கு அடியில்தான் பார்க்க முடியும். இது குறைவாக மடங்குவதால் வெளி பூட்டைவிட நீண்ட நாள் தாங்கும், அதனாலேயே கண்ணில் படாமல் போகும். இதைப் பார்க்கும்போதே கியர்பாக்ஸில் ஆக்ஸில் நுழையும் இடத்தையும் பாருங்கள். அங்கே ஈரமாக ஆயில் இருந்தால் அது பூட் கிரீஸ் அல்ல, ஆயில் சீல் கசிவு. கிரீஸ் கெட்டியாகக் கருஞ்சாம்பல் நிறத்தில் ஒட்டும். கியர் ஆயில் வழிந்து கீழே சொட்டும். விரலில் தொட்டால் சந்தேகம் தீர்ந்துவிடும்.

கிழிந்த பூட்டோடு எத்தனை நாள் ஓட்டலாம் என்று கேட்பார்கள். காய்ந்த, சுத்தமான சாலையில் சில வாரம் சத்தமே இல்லாமல் ஓடலாம். மழையிலும் மணலிலும் சில நாளிலேயே ‘டக் டக்’ தொடங்கலாம். மணலும் கிரீஸும் சேர்ந்தால் அது மசகு அல்ல, சாணைக்கல். ஜாயிண்டின் தடங்களில் கடினப்படுத்தப்பட்டது மேல்தோல் மட்டும்தான். அந்தத் தோல் போனபின் அடியில் இருக்கும் இரும்பு வெகு சீக்கிரம் கரையும்.

எப்போது சத்தம் வருகிறது

ஆள் நடமாட்டமில்லாத ஒரு பெரிய சமதளம் வேண்டும். ரேடியோவையும் ஏ.சி.யையும் அணைத்து, கண்ணாடிகளை இறக்கிவிடுங்கள். பக்கத்தில் ஒரு சுவர் இருந்தால் நல்லது, சத்தம் திரும்பி வந்து தெளிவாகக் கேட்கும்.

1. ஸ்டீயரிங்கை ஒரு பக்கம் முழுக்க ஒடித்து, முதல் கியரில் மெதுவாக வட்டமடியுங்கள். சும்மா உருட்டாதீர்கள், ஆக்ஸிலரேட்டரைக் கொஞ்சம் கொஞ்சமாக மிதித்து விசை ஏற்றுங்கள். வெளி ஜாயிண்ட் தேய்ந்திருந்தால் ‘டக் டக் டக்’ என்று, சக்கர வேகத்தோடு சேர்ந்து வேகமெடுக்கும் சத்தம் வரும். காலை எடுத்தால் அடங்கும்.

2. மறுபக்கம் ஒடித்து அதையே செய்யுங்கள். வலப்பக்கம் திரும்பும்போது சத்தம் வந்தால் பெரும்பாலும் இடச் சக்கரத்து வெளி ஜாயிண்ட். இடப்பக்கம் என்றால் வலது. திருப்பத்தில் வெளிப்பக்கச் சக்கரத்துக்குத்தான் சுமை அதிகம். ஆனால் இதை வேதவாக்காக எடுத்துக்கொள்ள வேண்டாம். உள்பக்கச் சக்கரம் அதிகக் கோணத்தில் ஒடிவதால் சில நேரம் அதுவும் சத்தம் போடும். வெளியே ஒருவரை நிற்க வைத்துக் கேட்கச் சொன்னால் சந்தேகம் இருக்காது.

3. ரிவர்ஸில் இரண்டு பக்கமும் வட்டமடியுங்கள். ரிவர்ஸில் குண்டுகள் தடத்தின் எதிர்ச் சுவரை அழுத்துகின்றன. முன்னே போகும்போது அடங்கியிருக்கும் தேய்மானம் சில நேரம் இங்கேதான் வாய் திறக்கும்.

4. இனி நேர்ச்சாலை. 30 கிலோமீட்டர் வேகத்திலிருந்து 80 வரை அழுத்தமாக வேகமெடுங்கள். மேடாக இருந்தால் இன்னும் நல்லது. உள் ஜாயிண்ட் தேய்ந்திருந்தால் காரின் முன்பக்கம் இடவலமாக நடுங்கும். சீட்டிலும் தரையிலும் உணரலாம். காலை எடுத்த நொடியே நிற்கும். மறுபடி மிதித்தால் மறுபடி வரும்.

பின்சீட்டில் ஆளும் டிக்கியில் சுமையும் இருக்கும்போது மட்டும் இந்த நடுக்கம் வருகிறது என்றால் உள் ஜாயிண்டின் மேல் சந்தேகம் இன்னும் உறுதியாகும். பின்னால் சுமை ஏறி, முன்னால் விசையும் சேரும்போது காரின் மூக்கு தூக்கும். உள் ஜாயிண்டின் கோணம் கூடும். ரோலர்கள் தேய்த்துவைத்த குழியில் தடுக்கித் தடுக்கி ஓடும்.

இதற்கு ஒரு கணக்கும் உண்டு. டயரின் சுற்றளவு 1.9 மீட்டர் என்று வைத்துக்கொண்டால், 80 கிலோமீட்டர் வேகத்தில் சக்கரம் நொடிக்குச் சுமார் 12 முறை சுற்றும். பேலன்ஸ் இல்லாத சக்கரம் சுற்றுக்கு ஒரு முறை உதறும். அது நொடிக்கு 12, தனித்தனி உதறலாக உணரும் அளவுக்கு முரட்டுத்தனமானது. டிரைபாடில் மூன்று ரோலர் என்பதால் அதன் நடுக்கம் சுற்றுக்கு மூன்று, அதாவது நொடிக்கு 35 பக்கம். அது ‘ர்ர்ர்’ என்று ஒன்றோடொன்று கலந்துபோன அதிர்வு. அதிர்வு அளக்கும் செயலி இருக்கும் கைபேசியை டாஷ்போர்டில் வைத்தால் இந்த இரண்டையும் பிரித்துப் பார்த்துவிடலாம்.

ஆக்ஸில் வேஷம் போடுபவை

வீல் பேரிங்: ‘ஊஊஊ’ என்ற முழக்கம். வேகம் கூடினால் கூடும். ஆக்ஸிலரேட்டரை மிதித்தாலும் எடுத்தாலும் மாறாது. நேரே போகும்போது காரை லேசாக இடம் வலம் வளைத்தால் சுமை மாறுவதற்குத் தகுந்தாற்போல் முழக்கம் ஏறி இறங்கும். ஆக்ஸில் இப்படி முழங்காது.

சக்கர பேலன்ஸ்: ஒரு குறிப்பிட்ட வேகத்தில் ஸ்டீயரிங் ஆடும், விசைக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. காலை எடுத்த பிறகும் ஆட்டம் நீடித்தால் ஆக்ஸிலைத் தொடவே வேண்டாம், முதலில் பேலன்ஸிங்.

எஞ்சின் மவுண்ட்: இதுதான் அதிகம் ஏமாற்றுவது. ஆட்டோமேட்டிக் காரில் டி-யிலிருந்து (முன்னே போகும் கியர்) ஆர்-க்கு (ரிவர்ஸ்) மாற்றும்போது ஒரே ஒரு ‘டொம்’. உள் ஜாயிண்டில் ப்ளே இருந்தாலும் இதே சத்தம்தான். போதாக்குறைக்கு, மவுண்ட் உடைந்து எஞ்சின் சாய்ந்தால் உள் ஜாயிண்டின் கோணமே மாறிப்போய் நடுக்கமும் வரும். அந்த நிலையில் ஆக்ஸிலை மாற்றினால் சில நாள் குறைந்தது போலத் தெரிந்து மறுபடி வரும். பானெட்டைத் திறந்து வைத்து, ஒருவர் பிரேக்கை முழுக்க மிதித்தபடி டி, ஆர் மாற்ற, நீங்கள் பக்கவாட்டில் நின்று எஞ்சினைப் பாருங்கள். காரின் முன்னால் நிற்கக்கூடாது. எஞ்சின் லேசாக அசைவது இயல்பு. துள்ளி எழுந்தால் மவுண்ட்.

லோயர் ஆர்ம் பால் ஜாயிண்ட், ஸ்டெபிலைசர் லிங்க் (இரண்டும் சஸ்பென்ஷன் இணைப்புகள்): பள்ளத்தில் இறங்கும்போது ‘கடக்’. சாலை சமமாக இருந்தால் சத்தமில்லை. ஆக்ஸிலுக்குப் பள்ளம் தேவையில்லை, விசைதான் தேவை.

ஹப் (சக்கரம் பொருந்தும் மையப் பகுதி) முகத்தில் வரும் ‘டிக்’: நின்ற இடத்திலிருந்து கிளம்பும்போது ஒரே ஒரு ‘டிக்’; ரிவர்ஸ் போட்டுக் கிளம்பினால் இன்னொன்று; பிறகு ஒன்றுமில்லை. ஆக்ஸிலின் தோள்பட்டை வீல் பேரிங்கின் முகத்தில் ஒட்டி நழுவும் சத்தம் இது. ஜாயிண்ட் நன்றாகவே இருக்கும். நட்டைக் கழற்றி, முகத்தைத் துடைத்து, தயாரிப்பாளர் சொன்ன மசகைப் பூசி, புது நட்டு போட்டு முறுக்கினால் போய்விடும். நின்ற இடத்திலேயே முழு முறுக்குவிசையும் வரும் மின்சாரக் கார்களில் இதை அதிகம் கேட்கலாம். இதற்காக ஆக்ஸில் மாற்றுவது வீண்செலவு.

இன்னொன்று, வேஷமே இல்லாத நிலை: எஞ்சின் ஓடுகிறது, கியர் விழுகிறது, ஸ்பீடோமீட்டர்கூட ஏறலாம், கார் நகரவில்லை. ஒரு பக்க ஆக்ஸில் முறிந்திருக்கும் அல்லது உள் ஜாயிண்ட் கழன்றிருக்கும். இரு சக்கரங்களுக்கும் விசையைப் பிரித்துக் கொடுக்கும் டிஃபரென்ஷியல் எல்லா விசையையும் எதிர்ப்பில்லாத பக்கத்துக்கே விட்டுவிடுவதால் மறுபக்கச் சக்கரம் நன்றாக இருந்தும் பயனில்லை.

கையால் சோதிப்பது

பின்சக்கரங்களுக்குக் கட்டை வைத்து, முன்பக்கத்தை ஜாக்கில் தூக்கி, ஸ்டாண்டில் இறக்குங்கள். ஜாக்கை மட்டும் நம்பி அடியில் போகக்கூடாது. இக்னிஷன் அணைந்திருக்கட்டும், கியர் நியூட்ரலில்.

சக்கரத்தை ஒருவர் அசையாமல் பிடிக்க, நீங்கள் வெளி ஜாயிண்டுக்குப் பக்கத்தில் தண்டைப் பிடித்து முன்னும் பின்னும் முறுக்குங்கள். வெளிக்கூட்டுக்கும் தண்டுக்கும் நடுவே ‘க்ளிக்’ என்று கையில் தட்டினால் தேய்மானம். பிறகு உள் ஜாயிண்ட் கூட்டை ஒரு கையால் பிடித்து, தண்டை மறு கையால் முறுக்குங்கள். இங்கேதான் பலர் தவறு செய்கிறார்கள். உள் ஜாயிண்ட் உள்ளே வெளியே நகர்வது கோளாறு அல்ல, அதன் பிறவிக் குணம். முறுக்கும் திசையில் ப்ளே இருக்கிறதா என்பது மட்டுமே கேள்வி. அதேபோல் கியர்பாக்ஸுக்குள்ளேயே பற்களுக்கு நடுவில் கொஞ்சம் ப்ளே உண்டு. அதையும் ஜாயிண்டின் தலையில் கட்டாமலிருக்க, கூட்டை இறுகப் பிடிப்பது முக்கியம்.

தூக்கி வைத்த காரை ஸ்டார்ட் செய்து கியர் போட்டு ஆக்ஸிலைச் சுழலவிட்டுப் பார்க்கும் பழக்கம் சிலருக்கு உண்டு. வேண்டாம். ஆபத்து ஒரு பக்கம். சக்கரம் தொங்கும்போது ஜாயிண்டுகள் சாலையில் வராத கோணத்தில் நிற்பதால் நல்ல ஆக்ஸிலே சத்தம் போடும். அந்தச் சோதனை பொய் சொல்லும்.

பின்சக்கரம் இழுக்கும் வண்டி என்றால்

இவற்றில் பெரும்பாலும் கியர்பாக்ஸிலிருந்து பின்னால் நீளும் புரொப்பெல்லர் ஷாஃப்டும், அதன் முனைகளில் கிராஸ் எனப்படும் யுனிவர்சல் ஜாயிண்டுகளும் உண்டு. மெதுவாகப் போகும்போது ‘கீச் கீச்’ என்று பறவை போல் கத்தினால் கிராஸின் ஊசி பேரிங்கில் கிரீஸ் காய்ந்துவிட்டது. கப்புகளைச் சுற்றிச் செம்பழுப்புத் தூள் படிந்திருக்கும். கிளம்பும்போது ‘டணார்’ என்றால் தேய்ந்தே விட்டது. சக்கரங்களுக்குக் கட்டை வைத்து, ஜாயிண்டின் இரு பக்கத்தையும் இரு கையால் எதிரெதிரே முறுக்கினால் தெரியும். நல்ல கிராஸில் துளிகூட ப்ளே இருக்காது. கழற்றுவதற்கு முன் ஒன்றோடொன்று போல்ட் போட்டு இணையும் இரண்டு ஃபிளாஞ்சிலும் (தட்டு) சேர்த்து ஒரு கோடு போட்டுவையுங்கள். திருப்பி மாட்டும்போது கோடு சேராவிட்டால் இல்லாத அதிர்வு வரும்.

பின் ஆக்ஸில் கூட்டுக்குள் ஓடும் தண்டில் சி.வி. ஜாயிண்ட் இல்லை, அங்கே கெடுவது பேரிங்கும் சீலும். பின்சக்கர டிரம்முக்குள் கியர் ஆயில் இறங்கி, ஒரு பக்கப் பிரேக் மட்டும் பிடிக்காமல் போனால் சீலைப் பாருங்கள். ஆயில் நனைந்த பிரேக் ஷூவைத் துடைத்துப் போடக்கூடாது, மாற்றத்தான் வேண்டும்.

பூட் மட்டுமா, முழு ஆக்ஸிலா

சத்தம் இல்லை, கையில் ப்ளே இல்லை, கிழிசல் புதிது என்றால் பூட்டும் கிரீஸும் போதும். சத்தம் வந்துவிட்டால் புதுப் பூட் போடுவது வெறும் அலங்காரம். தேய்ந்த தடத்தில் நல்ல கிரீஸ் நிரப்பினால் சத்தம் சில நாள் மங்கும், அவ்வளவுதான். நடுவில் ஒரு நிலை உண்டு: சத்தமில்லை, ஆனால் கிரீஸில் மண். அப்போது ஜாயிண்டைக் கழற்றிக் கழுவிப் பார்த்துத்தான் தீர்ப்பு. கூண்டைச் சாய்த்துக் குண்டுகளை ஒவ்வொன்றாக வெளியே எடுங்கள். தடத்தில் பளபளப்பான கோடு இருப்பது இயல்பு. நகத்தை ஓட்டிப் பாருங்கள். நகம் தடுக்கினால், அல்லது பொறிப்பொறியாக உரிந்திருந்தால், அல்லது நீலம் பாரித்திருந்தால் முடிந்தது. கூண்டின் ஜன்னலில் குண்டு தொளதொளவென ஆடினாலும் அதே தீர்ப்பு.

கழற்றி மாட்டும் முறை

வேண்டியவை: ஹப் நட்டுக்குரிய சாக்கெட், நீளமான கைப்பிடி, டார்க் ரென்ச், ஜாக், இரண்டு ஸ்டாண்ட், கடப்பாரை போன்ற நெம்புகோல், மென்முகச் சுத்தியல், ஆயில் பிடிக்கத் தட்டு, புது ஹப் நட்டு, புது சர்க்லிப் (தண்டு கழன்று வராமல் பிடிக்கும் கம்பி வளையம்), புது ஆயில் சீல்.

1. சக்கரம் தரையில் இருக்கும்போதே ஹப் நட்டைத் தளர்த்துங்கள். நட்டின் ஓரம் தண்டின் பள்ளத்தில் அடித்து மடக்கப்பட்டிருந்தால் முதலில் அதை நிமிர்த்துங்கள். தளர்த்துவதோடு நிறுத்துங்கள், கார் எடை சக்கரத்தில் இருக்கும்போது உருட்டாதீர்கள். பல கார்களில் வீல் பேரிங்கை இறுக்கிப் பிடித்திருப்பதே இந்த நட்டுதான். தளர்ந்த நட்டோடு காரைத் தள்ளினால் பேரிங் போய்விடும்.

2. தூக்கி ஸ்டாண்டில் வைத்து, சக்கரத்தைக் கழற்றி, ஏபிஎஸ் சென்சர் வயரை விலக்குங்கள். கியர்பாக்ஸ் ஆயிலை வடியுங்கள், அல்லது அடியில் தட்டு வையுங்கள்.

3. லோயர் ஆர்மிலிருந்து பால் ஜாயிண்டை விடுவியுங்கள். ஹப்பைத் தாங்கும் நக்கிள் வெளியே சாயும்.

4. பழைய நட்டைத் தண்டின் முனைக்குச் சமமாகத் திருகி வைத்து, அதன்மேல் மென்முகச் சுத்தியலால் தட்டுங்கள். மரை கெடாது. வெறும் முனையில் இரும்புச் சுத்தியலால் அடித்தால் முனை காளான் போல விரிந்து, நட்டு ஏறவும் இறங்கவும் மறுக்கும்.

5. உள் பக்கத்தை நெம்பித்தான் எடுக்க வேண்டும். தண்டைப் பிடித்து இழுக்கக்கூடாது. இழுத்தால் சர்க்லிப் விடாது, டிரைபாடுதான் கூட்டிலிருந்து கழன்று வரும். கூட்டுக்கும் கியர்பாக்ஸுக்கும் நடுவே நெம்புகோலைக் கொடுத்து ஒரே தட்டாகத் தட்டுங்கள். இரண்டு பக்க ஆக்ஸிலையும் ஒரே நேரத்தில் எடுக்காமலிருப்பது நல்லது. சில கியர்பாக்ஸில் டிஃபரென்ஷியல் பல்சக்கரங்கள் உள்ளே நழுவி விழும்.

6. சீலை மாற்றி, அதன் உதட்டில் ஆயில் தடவி, புது சர்க்லிப் போட்ட ஆக்ஸிலை நேராக உள்ளே தள்ளுங்கள். ‘டக்’ என்று உட்காரும். உட்கார்ந்ததா என்று கூட்டைப் பிடித்து இழுத்துப் பாருங்கள். இங்கேயும் தண்டை இழுக்க வேண்டாம்.

7. ஹப்பில் நுழைத்து, பால் ஜாயிண்டை மாட்டி, புது நட்டைப் போட்டு, டார்க் ரென்ச்சால் முறுக்குங்கள். பல கார்களில் இது 180 முதல் 300 நியூட்டன் மீட்டருக்குள் இருக்கும். சிலவற்றில் ஒரு அளவுக்கு முறுக்கி, அதன்மேல் குறிப்பிட்ட கோணம் திருப்பச் சொல்வார்கள். உங்கள் காரின் சர்வீஸ் மேனுவல் சொல்வதுதான் கணக்கு. கைக்கணக்கு இங்கே வேண்டாம். குறைந்தாலும் கூடினாலும் அடிபடுவது பேரிங். முடித்ததும் நட்டின் ஓரத்தைப் பள்ளத்தில் மடக்கிவிடுங்கள்.

8. கியர்பாக்ஸ் ஆயிலை அளவுக்கு நிரப்புங்கள். எவ்வளவு வடிந்ததோ அவ்வளவு என்று ஊற்றாமல், லெவல் பார்த்து ஊற்றுங்கள். முன்பே குறைவாக இருந்திருக்கலாம்.

பூட் மட்டும் மாற்றும்போது

தண்டை வைஸில் பிடித்து, பழைய பூட்டை வெட்டி எறிந்து, வெளி ஜாயிண்டின் உள்வளையத்தில் மென் உலோகக் கம்பி வைத்து ஓங்கித் தட்டினால் சர்க்லிப்பைத் தாண்டிக் கழன்று வரும். உள் பக்கம் என்றால் டிரைபாடும் தண்டும் சேரும் இடத்தில் குறி போட்டுவிட்டுக் கழற்றுங்கள். ரோலர்கள் உருண்டு ஓடாமலிருக்க டேப் சுற்றுங்கள். ஒரு ஊசி தொலைந்தாலும் ஜாயிண்ட் பயனற்றது.

கிரீஸ் விஷயத்தில் சிக்கனமும் வேண்டாம், தாராளமும் வேண்டாம். வெளி ஜாயிண்டுக்கு மாலிப்டினம் டைசல்ஃபைடு கலந்த கருஞ்சாம்பல் கிரீஸ். சின்ன, நடுத்தரக் கார்களில் பொதுவாக 80 முதல் 120 கிராம். கிட்டில் வரும் பாக்கெட் அளந்தே வருகிறது. பாதியை ஜாயிண்டுக்குள் விரலால் அழுத்தித் திணித்து, மீதியைப் பூட்டுக்குள் விடுங்கள். உள், வெளி ஜாயிண்டுகளுக்கு வேறு வேறு கிரீஸ் கொடுத்திருந்தால் மாற்றிப் போடாதீர்கள். சாதாரண வீல் பேரிங் கிரீஸ் இங்கே தாங்காது.

சின்னக் கிளாம்பை இறுக்குமுன், முனை மழுங்கிய ஸ்க்ரூடிரைவரைப் பூட்டின் உதட்டுக்கு அடியில் கொடுத்து உள்ளே சிக்கிய காற்றை விடுங்கள். காற்று சிக்கினால் பூட் பலூனாக உப்பும் அல்லது உள்ளே ஒட்டிப்போகும். இரண்டிலும் மடிப்புகள் ஒன்றோடொன்று உரசிச் சீக்கிரம் கிழியும். ரப்பர் பூட்டுக்குப் போடும் கிளாம்ப் கெட்டியான பிளாஸ்டிக் வகைப் பூட்டுக்குப் போதாது. அதற்குக் காது மடக்கி இறுக்கும் வலுவான கிளாம்பும் அதற்குரிய கருவியும் வேண்டும். பிளாஸ்டிக் டை கட்டி அனுப்பும் வேலையை ஏற்காதீர்கள்.

புது ஆக்ஸில் வாங்கும்போது

பழையதைத் திருப்பிக் கொடுக்குமுன் இரண்டையும் தரையில் பக்கத்தில் பக்கத்தில் கிடத்துங்கள். மொத்த நீளம், இரு முனையிலும் உள்ள ஸ்பிளைன் பற்களின் எண்ணிக்கை, மரையின் அளவு, பழையதில் ஏபிஎஸ் வளையம் இருந்தால் புதியதிலும் இருக்கிறதா, பற்கள் சமமா என்று எண்ணிப் பாருங்கள். பற்களில் வித்தியாசம் இருந்தால் ஏபிஎஸ் விளக்கு எரியலாம். புதுப்பித்த ஆக்ஸில் என்றால் பழைய தடத்தைச் சாணை பிடித்து, சற்றுப் பெரிய குண்டு போட்டது. நன்றாகச் செய்திருந்தால் ஓடும். மோசமாகச் செய்திருந்தால் புதிதிலேயே நடுங்கும். ஆட்டோமேட்டிக் காரில், இதுவரை இல்லாத அதிர்வு டி-யில் பிரேக் பிடித்து நிற்கும்போது மட்டும் வந்தால், புது ஆக்ஸிலின் உள் ஜாயிண்ட் இறுக்கமாக இருக்கலாம். அப்போது எஞ்சின் மவுண்டைக் குறை சொல்லுமுன், பழைய ஆக்ஸிலின் உள் ஜாயிண்டைக் கையால் உள்ளே வெளியே தள்ளி, புதியதோடு ஒப்பிட்டுப் பாருங்கள். அதனால்தான் சோதனை ஓட்டம் முடியும்வரை பழையது உங்கள் கையில் இருக்க வேண்டும்.